பொய்யாக ஒரு வழியனுப்பு

தமிழரசியின் ஆய்வு அறுபத்திரண்டாம் பக்கத்துக்கு வந்திருந்தது. அயர்லாந்துக் கவிஞர் ஒருவர் இளம் வயதில் எழுதிய பாடல்களில் காதலும் மறைஞானமும் குறியீடும் எப்படிப் பின்னிக் கிடக்கின்றன என்பது தலைப்பு. யாங்கோன் நகரத்துப் பபேடானில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் பகலெல்லாம் நின்று ஊராருக்குப் பார்வை சரிபார்த்து அனுப்புகிறவள், மிச்ச நேரத்தில் அஞ்சல்வழி எம்.ஏ. படிக்கிறவள், அவளுக்கு இந்தத் தலைப்பு தேவையா என்று பெற்ற அப்பாவே கேட்டார். தேவைதான். அந்த மனிதர் ஒரே பெண்ணைப் பல வருஷம் காதலித்தார். கேட்ட போதெல்லாம் அவள் மாட்டேன் என்றாள். அவரும் விடவில்லை. ரோஜாவையும் நட்சத்திரத்தையும் பாட்டாக எழுதிக் குவித்தார், ரகசியச் சங்கம் ஒன்றில் சேர்ந்து மந்திரச் சடங்கெல்லாம் செய்து பார்த்தார். இந்தியாவைக் கண்ணால் காணாமலே இந்தியக் காட்டைப் பாடினார். தமிழரசியும் இந்தியாவைப் பார்த்ததில்லை. அதனால் அவர்மேல் அவளுக்கு ஒரு சொந்தம் வந்துவிட்டது.

அந்தப் பாடல்களை அவள் ஒரே ஒருவனுக்குத்தான் வாசித்துக் காட்டினாள். சுரேந்திரன் இன்சீன் ரயில் பட்டறையில் ஃபிட்டர். ஞாயிற்றுக்கிழமைகளில் இருவரும் வட்ட ரயிலில் ஏறி உட்கார்ந்துவிடுவார்கள். ஊரை ஒரு சுற்றுச் சுற்றி வர மூன்று மணி நேரம் ஆகும். யார் கண்ணையும் உறுத்தாமல் ஆணும் பெண்ணும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார யாங்கோனில் அதைவிட நல்ல இடம் கிடையாது. கீரைக்கட்டுகளுக்கும் வாழைத்தார்களுக்கும் நடுவே அவள் ஆங்கிலத்தில் வாசிப்பாள், தமிழில் சொல்வாள், தமிழ் முட்டுகிற இடத்தில் பர்மியத்துக்குத் தாவுவாள். அவன் முழுசாகக் கேட்டுவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்பான்.

"சரி, இது வேலை செய்யுமா?"

"எது?"

"இந்த ரோஜாதான். அவ்வளவு பாட்டு எழுதினாரே, அந்தம்மா வந்தாங்களா?"

"வரல."

"அப்ப வேலை செய்யல."

"குறியீடு என்ன பம்பு மோட்டாரா சுரேன்? அது வேலை செய்யறதுக்கு இல்ல. அர்த்தம் சொல்றதுக்கு."

"அர்த்தத்த வச்சுக்கிட்டு என்ன பண்றது?" என்று சிரிப்பான். அவளுக்குக் கோபம் வரும். அந்தக் கோபத்தையும் சேர்த்துத்தான் அவனைப் பிடித்திருந்தது. தை பிறந்ததும் கல்யாணம் என்று இரண்டு வீட்டிலும் பேசி முடித்திருந்தார்கள்.

ஆவணியில் வார்டு ஆபீஸில் சீட்டுக் குலுக்கிப் போட்டார்கள். கட்டாய ராணுவச் சேவைக்கு எடுத்த பெயர்களில் சுரேந்திரன் பெயரும் இருந்தது. இரண்டு வாரம் கழித்துத் திங்கட்கிழமை காலை வந்து நிற்க வேண்டும். அவன் தெருவிலிருந்து அதற்கு முன் போன இரண்டு பேரைப் பற்றி ஒரு சேதியும் கிடையாது. ஓடிப்போகலாம் என்றால் பேருந்து நிலையத்தில் அடையாள அட்டையைப் பிடுங்கிப் பார்க்கிறார்கள். வெளிநாடு போகவும் அந்த வயசு ஆண்களுக்குத் தடை. தமிழரசி தனக்குத் தெரிந்த பெரிய மனிதர்களையெல்லாம் விரல்விட்டு எண்ணிப் பார்த்தாள். கண்ணாடி வாங்க வந்த ஓய்வு பெற்ற தாசில்தார் ஒருவர் தேறினார். அவரும் கையை விரித்துவிட்டார்.

புதன்கிழமை சுரேந்திரனின் அம்மா ரத்தினம்மாள் கடைக்கு வந்தாள். இன்சீன் சந்தையில் பூக்கடை வைத்திருக்கிறவள், கடையை மூடிவிட்டு நகரத்துக்குள் வந்தாள் என்றால் ஏதோ விஷயம் இருக்க வேண்டும். கண்ணாடிச் சட்டம் பார்க்கிற மாதிரி ஒன்றைக் கையில் எடுத்துக்கொண்டு மெதுவாகப் பேசினாள்.

"ஒரு சயாகிட்ட போய்ட்டு வந்தேன் தமிழு. பர்மாக்கார சயா, பெரிய ஜோசியரு. ரெண்டு பேருக்கும் பிரிவு இருக்குன்னாரு. தப்பாதாம்."

தமிழரசி அவள் கையிலிருந்த சட்டத்தை வாங்கி வைத்தாள்.

"ஆனா யதயா இருக்குதாம். நாமளே முந்திக்கிட்டு பொய்யா பிரிஞ்சு காட்டிடணும். விதி வந்து எட்டிப் பாத்துட்டு, அட, இங்க வேலை முடிஞ்சிடுச்சேன்னு திரும்பிப் போயிடுமாம்."

யதயா என்பது அந்த ஊரில் எல்லோரும் செய்வது. வரப்போகிற கெட்டதை நாமே விளையாட்டாக நடத்திக் காட்டி அதன் பல்லைப் பிடுங்குகிற சடங்கு. படித்தவர், படிக்காதவர், பதவியில் இருப்பவர், பதவி இழந்தவர் என்று ஒருவரும் பாக்கியில்லை. தமிழரசிக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த அயர்லாந்துக்காரருக்கு இப்படி ஒன்று கிடைத்திருந்தால் ஓடிப்போய்ச் செய்திருப்பார் என்று தோன்றியது. தவிர, செய்வதற்கு வேறு என்ன இருந்தது? ஒன்றுமே இல்லாதபோது ஒன்று கிடைத்தால் யார் வேண்டாம் என்பார்கள்?

"என்ன பண்ணணும் அத்தை?"

வெள்ளிக்கிழமை காலை, பான்சோடான் படகுத்துறை. ஆற்றுக்கு அக்கரையிலுள்ள டாலாவுக்குப் போகிற படகில் அவன் தூரதேசம் போகிறவன் மாதிரி பையோடு ஏற வேண்டும். போருக்குப் போகிறவர்களுக்குக் கொடுக்கிற நாவல் தழையை அவள் கையால் கொடுக்க வேண்டும். கொடுத்ததும் திரும்பிவிட வேண்டும். கடை வந்து சேருகிற வரை திரும்பிப் பார்க்கக் கூடாது. பார்த்தால் எல்லாம் போச்சு. அவன் டாலாவில் ஒரு டீயைக் குடித்துவிட்டு அடுத்த படகில் வந்துவிடுவான். பொழுது சாய்கிற வரை போனில்கூடப் பேசக் கூடாது.

வியாழன் சாயங்காலம் இன்சீனில் சுரேந்திரன் வீட்டில் பையைத் தமிழரசியே அடுக்கினாள். ஒப்புக்கு இரண்டு துண்டை வைத்து மூடப் போனவளை ரத்தினம்மாள் தடுத்தாள்.

"வெறும் பைன்னா விதி மோந்து பாத்தே கண்டுபுடிச்சிடும். நெசமாவே எடுத்து வை."

நாலு சட்டை, இரண்டு லுங்கி, அவனுடைய வயிற்றுவலி மாத்திரை, சவர சாமான் எல்லாம் வைத்தாள். கடைசியில் ரத்தினம்மாள் பெட்டியின் அடியிலிருந்து ஒரு கம்பளிச் சட்டையைக் கொண்டுவந்தாள். இந்த ஊர்ப் புழுக்கத்தில் கம்பளியா!

"விதிக்குக் குளிருமா அத்தை?" என்று தமிழரசி சிரித்தாள். பதினோரு நாளில் அதுதான் அவளுடைய முதல் சிரிப்பு. சுரேந்திரன் எழுந்து பின்கட்டுக்குப் போய் முகம் கழுவிக்கொண்டு வந்தான்.

மறுநாள் காலை படகுத்துறையில் கூட்டம். டாலாவிலிருந்து வேலைக்கு வருகிறவர்கள் ஒரு பக்கம் கொட்ட, இந்தப் பக்கம் ஏறுகிறவர்கள் முண்டிக்கொண்டிருந்தார்கள். ரத்தினம்மாள் தள்ளி ஒரு தூணருகே நின்றாள். தமிழரசி நாவல் தழையை அவன் சட்டைப் பையில் செருகினாள். அதோடு ஒரு சிவப்பு ரோஜாவும் வைத்தாள். அது சயா சொன்ன பட்டியலில் இல்லை. காலையில் ரத்தினம்மாளின் கூடையிலிருந்து அவளே எடுத்தது.

"இன்னிக்குக் கேக்கலியா, வேலை செய்யுமான்னு?"

"இன்னிக்கு செய்யணும் தமிழு" என்றான். அவன் கண் நிறைந்து வழிந்தது.

"அய்யோ, நல்லா நடிக்கிறீங்களே! விதி நம்பிடும், போங்க" என்றாள். தானும் கொஞ்சம் அழ வேண்டுமே என்று பார்த்தாள், வரவில்லை. பொய்க்கு அழ அவளுக்குத் தெரியாது. அவன் அவள் தோள்பையைத் தொட்டான்.

"அந்தப் பாட்டுப் புத்தகத்தக் குடேன். படகுல பாத்துட்டு வரேன்."

"கொண்டு போங்க. ஆனா சாயங்காலம் கண்டிப்பா வேணும். லைப்ரரி புத்தகம், நாளைக்குத் திருப்பிக் குடுக்கணும்."

பாதி எடுத்த புத்தகத்தை அவன் மறுபடியும் அவள் பைக்குள்ளேயே வைத்தான். "அப்ப வேணாம்" என்றான். படகின் ஊதல் கேட்டது. அவன் அவள் கையை ஒரு தரம் இறுகப் பிடித்தான், விட்டான், ஏறிப் போனான்.

அவள் திரும்பிவிட்டாள். பிடரியில் எறும்பு ஊர்கிற மாதிரி இருந்தது. திரும்பிப் பார், ஒரே ஒரு தரம் பார் என்று உடம்பு கெஞ்சியது. ஸ்ட்ராண்ட் ரோடு வரை நூற்றுப் பன்னிரண்டு அடி எண்ணினாள். படகு நகர்கிற சத்தம் கேட்டது, பார்க்கவில்லை. கார் ஒன்று உரசிக்கொண்டு போனது, அப்போதும் பார்க்கவில்லை. கடைக்குள் நுழைந்தபோது அவளுக்குத் தலைகால் புரியாத பெருமை. ஒரு பிழை இல்லாமல் செய்துவிட்டாள்.

பொழுது சாய்ந்ததும் போன் வந்தது. ரத்தினம்மாள்தான் பேசினாள். சயா அவனை அக்கரையில் ஒரு மடத்தில் இருத்திக்கொண்டாராம். ஏழு நாள் மௌனமாம். எந்த மடம் என்று தமிழரசிக்குத் தெரியக் கூடாதாம், தெரிந்தால் பலிக்காதாம். திங்கட்கிழமை போகாவிட்டால் சிக்கல் வராதா என்று கேட்டதற்கு, அதை சயா பார்த்துக்கொள்வார் என்றாள். தமிழரசிக்கு நெஞ்சில் ஒரு மூலையில் ஏதோ அசைந்தது. அதை அவள் அமுக்கிவிட்டாள். நம்புகிறவள் கேள்வி கேட்கலாமா? அந்த ஏழு நாளும் ஆற்றுக்கு அந்தப் பக்கம், பத்து நிமிஷப் படகுத் தூரத்தில் அவன் கண்மூடி உட்கார்ந்திருக்கிறான் என்று நினைத்து நினைத்து நிம்மதியாகவே தூங்கினாள்.

செவ்வாய்க்கிழமை வார்டு ஆபீஸிலிருந்து இரண்டு பேர் கடைக்கு வந்தார்கள். அவன் எங்கே என்று பர்மியத்தில் கேட்டார்கள். தமிழரசி அவர்கள் முகத்தைப் பார்த்தே சொன்னாள்: பிரிவு தோஷம் இருக்கிறது, யதயா செய்தோம், நான்தான் படகுத்துறையில் வழியனுப்பினேன், திரும்பிக்கூடப் பார்க்கவில்லை, ஏழு நாள் மௌனத்தில் இருக்கிறார், முடிந்ததும் வந்து நிற்பார். மூத்தவர் அவளையே கொஞ்ச நேரம் பார்த்தார். அவன் அம்மாவும் இதையேதான் சொன்னாள் என்று மற்றவரிடம் முணுமுணுத்தார். அடுத்தவன் யதயாவில் குறுக்கே புகுந்து பாவத்தைத் தலையில் கட்டிக்கொள்ள அவருக்கும் மனமில்லை போலிருக்கிறது. சனிக்கிழமை காலை கட்டாயம் வந்தாக வேண்டும் என்று சொல்லிவிட்டு, போகிற போக்கில் தன் மூக்குக்கண்ணாடியின் திருகாணியை முடுக்கித் தரச் சொன்னார். தமிழரசி முடுக்கிக் கொடுத்தாள்.

வெள்ளிக்கிழமை காலை கடை திறந்தவுடன் ரத்தினம்மாள் வந்து நின்றாள். அவள் கையிலும் ஒரு பை இருந்தது.

"போய் சேந்துட்டான்" என்றாள்.

"மடத்துலேருந்து வந்துட்டாரா?"

"தாய்லாந்து கரைக்குத் தமிழு. டாலாவிலேருந்து லாரி, அப்புறம் மீன்புடி படகு. கடல்ல அஞ்சு நாளு. நேத்து ராத்திரிதான் சேதி வந்துச்சு."

தமிழரசி கையிலிருந்த கண்ணாடியைக் கீழே வைத்தாள். "சயா..."

"சயாவெல்லாம் யாரும் இல்ல கண்ணு. நானா சொன்னதுதான் அம்புட்டும்."

கடைக்குள் ஒருவரும் வரவில்லை. தமிழரசி பெஞ்சில் உட்கார்ந்தாள். கம்பளிச் சட்டை நினைவுக்கு வந்தது, புத்தகத்தை அவன் திரும்ப வைத்தது நினைவுக்கு வந்தது, நல்லா நடிக்கிறீங்களே என்று தான் சொன்னது நினைவுக்கு வந்தது. அறுபத்திரண்டு பக்கம் எழுதியவளுக்கு எதிரே நின்று அழுதவனைப் படிக்கத் தெரியவில்லை. அவமானத்தில் காது சுட்டது.

"எங்கிட்ட ஏன் சொல்லல அத்தை?"

"உனக்குப் பொய் பேச வராதேம்மா. அவங்க வருவாங்கன்னு தெரியும். நான் சொன்னா நம்ப மாட்டாங்க, பெத்தவ அப்படித்தான் சொல்லுவான்னு போயிடுவாங்க. நீ நம்பினாத்தான் அவனுங்க நம்புவானுங்க. அந்த அஞ்சு நாளு நீ குடுத்ததுடி."

"என்னையும் அனுப்பியிருக்கலாமே."

"படகுல ஒரு எடந்தான் இருந்துச்சு."

திட்டலாம், கத்தலாம். ஆனால் அவன் உயிரோடு இருக்கிறான். உயிரோடு இருக்கிறவனை எதற்காகத் திட்டுவது? இனி எப்போது வருவான் என்று கேட்டாள். வந்தால் பிடித்துவிடுவார்கள் என்றாள் ரத்தினம்மாள். நான் போக முடியுமா என்று கேட்டாள். அவனுக்கே அங்கே காகிதம் ஒன்றும் கிடையாது, ஒளிந்து நிற்கிறான் என்றாள். தானும் இன்றைக்கே மோல்மேனில் தம்பி வீட்டுக்குப் போவதாகவும், நாளைக்கு வார்டு ஆட்கள் வந்தால் தமிழரசி நடந்ததை நடந்தபடி சொல்லிவிடலாம், அவளும் ஏமாந்தவள்தானே என்றும் சொன்னாள். பையைத் தூக்கிக்கொண்டு வாசல் வரை போனவள் நின்றாள்.

"உங்கிட்ட ஒண்ணே ஒண்ணு சொல்லச் சொன்னான். எனக்கு அது புரியல. வேலை செஞ்சிடுச்சுன்னு சொல்லச் சொன்னான்."

அவள் போன பிறகு தமிழரசி கடையைச் சாத்தினாள். திருப்பிக் கொடுக்க வேண்டிய நாள் தாண்டிப்போன லைப்ரரி புத்தகம் தோள்பையில் அப்படியே இருந்தது. கடைசி அத்தியாயத்தில், கவிஞரின் குறியீடுகள் எவையும் அவர் கேட்டதைக் கொண்டுவந்து தரவில்லை என்று எழுதி வைத்திருந்தாள். அவற்றில் ஒன்று கேட்டதைச் செய்து கொடுத்துவிட்டால் அப்புறம் மனிதர்கள் என்ன செய்வார்கள் என்று அவள் யோசித்ததே இல்லை.

படகுத்துறைக்குப் போய் அதே இடத்தில் நின்றாள். அங்கிருந்து திரும்பி ஸ்ட்ராண்ட் ரோடு வரை நூற்றுப் பன்னிரண்டு அடி நடந்தாள். பிறகு, ஏழு நாள் கழித்து, திரும்பிப் பார்த்தாள். டாலாவிலிருந்து படகு ஒன்று வந்து அணைந்திருந்தது. காய்கறிக் கூடைகளும் சைக்கிள்களுமாக ஜனங்கள் இறங்கி வந்துகொண்டிருந்தார்கள். அவன் அதில் இல்லை என்று தெரிந்தும், கடைசி ஆள் இறங்கி முடிக்கிற வரை ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டு அழுதபடி நின்றாள்.