இழுப்பறையில் இருந்த படிவம்

வலி தெரியாமலிருக்கப் போடும் அந்த மயக்க ஊசியைப் போட்டுக் கொஞ்ச நேரம் ஆனால் பல நோயாளிகள் எல்லாவற்றுக்கும் தலையாட்டுவார்கள். அவசரப் பிரிவில் இருபது வருடமாகக் குப்பை கொட்டுகிறேன், எனக்குத் தெரியாதா? "தண்ணி வேணுமா?" ஆமா. "வேண்டாமா?" அதற்கும் ஆமா. நாங்கள் நர்ஸுகள் சிரித்துக்கொள்வோம்.

வயிற்றில் கத்திக்குத்தோடு ஒரு வெல்டரைக் கொண்டுவந்த அன்று மதியம் அந்த ஊசியைப் போட்டது நான். இருபது நிமிடம் கழித்து மரண வாக்குமூலம் வாங்க மாஜிஸ்திரேட் வந்தார். நோயாளி தெளிவாக இருக்கிறார் என்று டாக்டர் நேரில் பார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். எங்கள் டாக்டருக்கு ஒரே நேரத்தில் ஒன்பது கட்டில். அதனால் வெற்றுப் படிவங்களில் முன்கூட்டியே கையெழுத்துப் போட்டு என் மேசை இழுப்பறையில் வைத்திருப்பார். அதில் ஒன்றை எடுத்து, நேரத்தை எழுதி நீட்டியதும் நான்தான்.

"உன்னக் குத்தினது உன் தம்பியா?" என்று கேட்டார் மாஜிஸ்திரேட். தம்பிமேல் சந்தேகம் என்று போலீஸ்காரர் வராந்தாவிலேயே சொல்லியிருந்தார்.

"ஆமா."

கைநாட்டு வாங்கிக்கொண்டு கிளம்பிவிட்டார், அவ்வளவுதான். எனக்குக் கோபம் கோபமாக வந்தது, யார்மேல் என்றுதான் தெரியவில்லை. சலைன் பாட்டிலை மாற்றும்போது குனிந்து வெல்டரிடம் நானும் ஒரு கேள்வி கேட்டேன். பதில் சொன்னார். சாயங்காலம் உயிர் போய்விட்டது. நான் வாயைத் திறக்கவில்லை.

ஒன்றரை வருடம் கழித்து வழக்கு வந்தது. குத்தியதைப் பார்த்தவர் யாரும் இல்லை, அந்த ஒரு "ஆமா"தான் சாட்சி. கோர்ட் வராந்தாவில் டாக்டர் என்னை ஓரமாகக் கூப்பிட்டார். "சிஸ்டர், கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க. படிவத்தப் பத்தி வாயத் திறந்தா ரெண்டு பேர் வேலைக்கும் ஆபத்து."

சரி என்று தலையாட்டினேன். திரும்பினால் வெல்டரின் அம்மா.

"நீதானேம்மா பக்கத்துல இருந்தே? என் பெரியவன் நெஜமாவே தம்பின்னு சொன்னானா?"

"சொன்னாரும்மா."

"அப்ப சின்னவனயும் தலைமுழுகிட வேண்டியதுதான்" என்று சொல்லிவிட்டு பெஞ்சில் உட்கார்ந்தார். என் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது.

கூண்டில் ஏறியதும் வக்கீல் கேட்டார்: "நோயாளி தெளிவா இருந்தாரா?"

"டாக்டர் வந்து பாக்கவே இல்ல. அது முன்னாடியே கையெழுத்துப் போட்டு வச்ச படிவம். நேரத்த எழுதினது நான். ஊசி போட்டு இருபது நிமிஷம்தான் ஆச்சு."

டாக்டர் தலையைக் குனிந்துகொண்டார். நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "இருக்கட்டும். அவர் புரியாமதான் பதில் சொன்னார்னு நீங்க எப்படிச் சொல்றீங்க?"

"தம்பி குத்தினாரா இல்லையா, எனக்குத் தெரியாதுங்க ஐயா. ஆனா அந்த வாக்குமூலம் முடிஞ்ச கையோட நானும் அவரக் கேட்டேன்."

"என்னன்னு?"

"உங்களக் குத்தினது நான்தானான்னு."

தட்டச்சு செய்துகொண்டிருந்த அம்மாள் கையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார்.

"என்ன சொன்னார்?"

"ஆமா சிஸ்டர்னு சொன்னார் ஐயா."