ரவிக்கைத் துணியோடு வரும் திறன்கள்

தனியாக ஆட விரும்புகிறவர் குடும்பத்தோடு வந்துதான் திறன் எடுக்க வேண்டும். ஒற்றைத் தீவின் விதி அது. ஆகவே அழகுமலை தன் மனைவி தெய்வானையையும், அவளுடைய அண்ணன் வீரணனையும், தன் அக்கா பஞ்சவர்ணத்தையும் கூட்டிக்கொண்டு மதுரையில் இருக்கிற அந்த நான்கு மாடி ஜவுளிக் கடைக்குப் போனார்.

ஒற்றைத் தீவு என்பது இணையத்தில் ஆடுகிற ஆட்டம். ஆளில்லாத தீவில் கொண்டுபோய் இறக்கிவிடுவார்கள். பசி உண்டு, குளிர் உண்டு, காட்டுப்பன்றி உண்டு. உயிரோடு இருக்கிற வரைக்கும் ஆட்டம். ஆளுக்கு ஓர் உயிர். அது போனால் பிறகு தலைகீழாக நின்றாலும் தீவுக்குள் விட மாட்டார்கள். கூட்டாகவும் ஆடலாம், தனியாகவும் ஆடலாம்.

அழகுமலைக்குக் கூட்டு வேண்டாம். அவர் மின்வாரியத்தில் மீட்டர் கணக்கெடுக்கிறவர். பகலெல்லாம் ஊரார் வீடு. சாயங்காலம் தன் வீடு. அது ஊரைவிட நெரிசல். குளியலறைக்குள் தாழ் போட்டுக்கொண்டு நின்றாலும் வெளியிலிருந்து யாராவது ஒருவர், "சாப்பிட்டியா?" என்று கேட்பார். காய்ச்சலில் படுத்தால் கேட்பார்கள். துக்க வீட்டில் பிணத்தின் தலைமாட்டில் நின்றால் கேட்பார்கள். ஒருமுறை பந்தியில் இலைக்கு முன்னால் உட்கார்ந்து சோற்றைப் பிசைந்துகொண்டிருக்கும்போதே கேட்டார்கள். அந்தக் கேள்வி வராத இடத்தில் ஒரே ஒரு பொழுது இருந்துவிட வேண்டும். அதற்கப்புறம் பன்றி கடித்தாலும் சரி என்று அவர் தீர்மானித்திருந்தார்.

திறன்கள் நான்காவது மாடியில் இருந்தன. லிஃப்ட் கீழே இறங்கியது. இறங்க இறங்க வெளிச்சம் கூடியது. லிஃப்ட்காரர் கதவைத் திறந்து, "போன தடவை நீங்க வந்த மாடி" என்றார்.

அவர்கள் போன தடவை வந்ததே இல்லை.

"ஆமா, மெத்தைய மாத்திட்டாங்க" என்றாள் பஞ்சவர்ணம்.

வெள்ளை மெத்தையில் உட்காரவைத்து ஆளுக்கு ஒரு பாட்டில் கலர் கொடுத்தார்கள். ஞானதுரை என்ற சிப்பந்தி எதிரில் மண்டியிட்டு உட்கார்ந்தார்.

"யாருக்குங்க பாக்குறோம்?"

"எனக்குத்தான். தனியாட்டத்துக்கு" என்றார் அழகுமலை.

ஞானதுரை தெய்வானை பக்கம் திரும்பினார். "உங்களுக்கு என்ன மாதிரி வேணுங்கம்மா?"

"எனக்குய்யா. நான்தான் ஆடப் போறேன்" என்று குறுக்கிட்டார் அழகுமலை.

"தெரியுதுங்க. நீங்க கலரக் குடிங்க."

ஒருவருக்கு மூன்று திறன். உச்சிப்பொழுதுச் சங்கு ஊதுவதற்குள் எடுத்தாக வேண்டும். கடையின் பின்வாசலில் படகு நிற்கிறது. சங்கு ஊதியதும் போய்விடும். அடுத்த படகு எப்போது என்று அழகுமலை கேட்டதற்கு, "அடுத்த படகும் இதேதாங்க" என்று வாசலிலேயே சொல்லியிருந்தார்கள்.

ஞானதுரை முதல் கட்டைப் பிரித்து உதறினார். "தானே எழுந்திரிக்கும் திறன்."

அழகுமலை முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார். இதற்காகத்தான் அவர் வந்தார். கூட்டாக ஆடினால் விழுந்தவரைக் கைகொடுத்துத் தூக்க ஆள் இருக்கும். தனியாக ஆடுகிறவர் விழுந்தால் விழுந்ததுதான். ஆகவே மற்ற எதை விட்டாலும் இதை விடாதே என்று ஆட்டம் தெரிந்தவர்கள் எல்லோரும் எழுதியிருந்தார்கள்.

"இதை எடுத்து வைங்க" என்றார்.

"வேற காட்டுங்க" என்றாள் தெய்வானை.

"இதுதான் தெய்வானை வேணும்."

"மொதக் காட்டுனதையே எடுப்பாங்களா? நாலு பேரு சிரிப்பாங்க."

பக்கத்து மெத்தையில் சரியாக நான்கு பேர் இருந்தார்கள். இந்தப் பக்கம் திரும்பிச் சிரித்துவிட்டுத் தங்கள் வேலையைப் பார்த்தார்கள்.

ஞானதுரை விரித்துக்கொண்டே போனார். நெருப்பு மூட்டும் திறனைத் தன் தோளில் போட்டு முந்தானையைத் தொங்கவிட்டுக் காட்டினார். தோள் எரிந்தது. அவர் முகத்தில் சிரிப்பு மாறவில்லை. பஞ்சவர்ணம் திறனின் ஓரத்தை இரண்டு விரலால் தேய்த்துப் பார்த்தாள்.

"சாயம் போகுமா?"

"போகாதுக்கா. அணைச்சாலும் எரியும்."

"லைட்டுல எல்லாம் அப்படித்தான் தெரியும். வெயில்ல பாக்கணும்."

எல்லோரும் வாசலுக்குப் போய் வெயிலில் விரித்துப் பார்த்தார்கள். அங்கே நின்ற கரும்புச்சாறு வண்டி எரிந்து சாம்பலானது. "உங்க நெறத்துக்கு எடுப்பா இருக்குண்ணே" என்றார் வண்டிக்காரர். அதை எடுத்து வைத்தார்கள்.

பிறகு பாரம் தூக்கும் திறன். வீரணன் அதை வாங்கித் தன் மேல் போட்டுக்கொண்டார்.

"மாப்ள, ஆம்பளைன்னா இதுதான் எடுக்கணும். பாருங்க."

அவர் பக்கத்திலிருந்த தூணைப் பிடுங்கினார். கூரை கொஞ்சம் குனிந்து, என்ன விஷயம் என்று பார்த்தது. வீரணன் தூணைத் திரும்ப நட்டார். ஆனால் சற்றுத் தள்ளி நட்டுவிட்டார். அதிலிருந்து கடை ஒரு பக்கமாகச் சாய்ந்து, வாடிக்கையாளர்கள் எல்லோரும் பட்டுப் பகுதிக்குச் சறுக்கிப் போனார்கள். முதலாளி வந்து வீரணனின் கையைக் குலுக்கிவிட்டுப் போனார்.

"உடம்பக் கனமாக் காட்டும். வேணாம்" என்றாள் தெய்வானை.

"கண்ணுக்குத் தெரியாம இருக்குற திறன் இல்லையா?" என்று கேட்டார் அழகுமலை. அது இருந்தால் யாரும் எதுவும் கேட்க முடியாது.

"இருக்குங்க. ஆனா போட்டுக் காட்ட மாட்டேன். போன ஆடித் தள்ளுபடியில எங்க ஆளு ஒருத்தரு போட்டுக் காட்டினாரு."

"என்ன ஆனாரு?"

"இங்கதான் இருக்காரு. மதியம் ஒரு சாப்பாடு குறையுது."

பசி தாங்கும் திறன் பஞ்சவர்ணத்துக்குப் பிடித்தது. "அம்மா இருந்தா இதைத்தான் எடுத்திருக்கும்" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அதையும் எடுத்து வைத்தார்கள். இரண்டு திறன் ஆயிற்று. மூன்றாவதுக்காக ஞானதுரை கடையில் இருந்த அத்தனையையும் விரித்தார். நீந்துவது, மரம் ஏறுவது, மீனிடம் பேசுவது, மீன் பேசினால் கேட்காமல் இருப்பது. குவியலில் அவருடைய தலை மட்டும் தெரிந்தது.

சங்கு ஊதப் போகிறது என்பதற்கு அடையாளமாக எங்கோ ஒருவர் தொண்டையைச் செருமினார்.

தெய்வானை குவியலை ஒரு சுற்றுப் பார்த்தாள். "மொத ஒண்ணு காட்டினீங்கள்ல? அதையே குடுத்துருங்க."

அழகுமலை கலரைக் குடித்தார்.

"மூணுலயும் ஜாக்கெட் துணி இருக்குல்ல?" என்றாள் அவள்.

"இருக்குங்கம்மா. ஜாக்கெட் துணி இல்லாத திறன நாங்க விக்கிறதில்ல."

"எனக்கு எதுக்குய்யா ஜாக்கெட் துணி?" என்றார் அழகுமலை.

"உங்களுக்கு இல்லீங்க. வீட்டு ஆளுங்களுக்கு. திறனோட வேலையில பாதி அதுலதான் இருக்கு."

"எந்தப் பாதி?"

"வெட்டுனாத்தான் தெரியும்" என்று ஞானதுரை கத்தரியை எடுத்தார்.

பசி தாங்கும் திறனின் துணியைப் பஞ்சவர்ணம் கேட்டாள். "கூடப் பொறந்தவளுக்கு ஒண்ணு குடுக்க மாட்டியாடா?"

"எடுத்துக்கங்க மதினி. எனக்கு ஒண்ணு போதும்" என்றாள் தெய்வானை. எழுந்திரிக்கும் திறனின் துணியை அவள் ஏற்கெனவே மடித்து இடுப்பில் செருகியிருந்தாள். நெருப்பின் துணியை வீரணன் துண்டு மாதிரித் தோளில் போட்டுக்கொண்டார்.

எடுத்த திறன்களைக் கொடுக்கிற இடம் பின்வாசலில். அழகுமலை அங்கே நடக்க, நடைபாதை நீண்டது. அவர் ஓடினார். அது இன்னும் நீண்டது. கடைசியில் அவர் நின்று, "நான் அவசரமா எல்லாம் போகல" என்று சத்தமாகச் சொன்னார். அது சுருங்கிக் காலடிக்கு வந்தது. திறன்களை ஒரு மஞ்சள் பையில் போட்டுக் கொடுத்தார்கள். பை இலவசம்.

படகு கிளம்பியபோது கரையிலிருந்து யாரோ ஏதோ கேட்டார்கள். சங்கு ஊதியதில் காதில் விழவில்லை. அழகுமலை சிரித்தார்.

தீவில் யாருமே இல்லை. மணல், தென்னை, காற்று. அழகுமலை மஞ்சள் பையைத் தென்னையில் மாட்டினார். அகலமாகக் கையை நீட்டிச் சோம்பல் முறித்தார். நீட்டிய கை யார் மேலும் படாதது அவருக்கு அதுதான் முதல் தடவை.

பிறகு நெருப்பு மூட்டினார். நன்றாக எரிந்தது. சூடு மட்டும் இல்லை. கையை உள்ளே விட்டுப் பார்த்தார். கிணற்றுத் தண்ணீர் மாதிரி இருந்தது. அப்போது மஞ்சள் பைக்குள்ளிருந்து வீரணனின் குரல் வந்தது.

"என்ன மாப்ள இப்படி வேகுது? துண்டப் பிழிஞ்சு பிழிஞ்சு கை வலிக்குது."

அழகுமலை பையின் வாயை முடிந்து வைத்தார்.

பசித்தது. தாங்கினார். தாங்கத் தாங்கப் பைக்குள்ளிருந்து பஞ்சவர்ணத்தின் ஏப்பம் வந்தது. பசி அவரிடம் இருந்தது. வயிறு நிறைவது அக்காவிடம் இருந்தது. போகட்டும், கூடப் பிறந்தவள்தானே என்று விட்டுவிட்டார்.

ஆனால் மூன்றாவது திறன் அற்புதமாக வேலை செய்தது.

தேங்காய் ஒன்று தலையில் விழுந்தது. அவர் சாய்ந்தார். கண் இருட்டியது. கொஞ்ச நேரத்தில் இடுப்பில் ஒரு உந்து உந்தியது. நிமிர்ந்து நின்றார். வானத்தில் பெரிய எழுத்தில் தோன்றியது: யார் துணையும் இன்றித் தானே எழுந்தவர், அழகுமலை. அலைகள் கரையில் வந்து கைதட்டிவிட்டுப் போயின.

பாறையிலிருந்து வழுக்கி விழுந்தார். எழுந்தார். வாழை மட்டையில் இடறி விழுந்தார். எழுந்தார். அப்புறம் இடறாமலும் விழுந்தார். ஒவ்வொரு தடவையும் வானத்தில் எழுத்து பெரிதாகிக்கொண்டே போனது. ஒரு நண்டு ஒதுங்கி நின்று பார்த்தது.

"நாமெல்லாம் ஒருத்தர் கையப் புடிச்சு எந்திரிச்ச ஆளு கெடையாது" என்று அழகுமலை நண்டிடம் சொன்னார். "சொந்தக் கால்ல நிக்கிறவன்." சொல்லிவிட்டு ஒரு தடவை விழுந்து காட்டினார்.

இந்தத் தடவை எழுந்திருக்க நேரமாயிற்று. எழுந்ததும் பையின் முடிச்சு தானாக அவிழ்ந்தது.

"என்னங்க" என்றாள் தெய்வானை.

"இங்க யாரும் வரக் கூடாது. இது தனியாட்டம்."

"நான் எங்க வந்தேன்? வீட்டுலதான் இருக்கேன். அங்க அப்படி என்ன பண்றீங்க?"

"விழுறேன். எந்திரிக்கிறேன்."

"விழுறது நீங்க. எந்திரிக்கிறது நான்."

அழகுமலை பைக்குள் எட்டிப் பார்த்தார்.

"ஜாக்கெட்டத் தச்சுப் போட்டதுலருந்து இதே பாடு. எல்லாருக்கும் போட்டுட்டுத் தட்ட எடுத்துக்கிட்டு உக்காருவேன். நீங்க அங்க விழுவீங்க. நான் இங்க எந்திரிப்பேன். திரும்ப உக்காருவேன். நீங்க விழுவீங்க. இந்தத் தடவ எந்திரிக்க வேணாம்னு கொஞ்ச நேரம் பல்லக் கடிச்சுக்கிட்டு உக்காந்து பாத்தேன்."

"அப்புறம்?"

"நீங்க கெடந்தீங்க. பாவமா இருந்துச்சு."

அழகுமலை மேலே பார்த்தார். யார் துணையும் இன்றி என்று வானம் முழுக்க இருந்தது. அவர் பார்த்ததும் எழுத்துகள் மேகத்துக்குப் பின்னால் ஒதுங்கின.

"அப்ப கழட்டி வச்சிரு" என்றார்.

"கழட்டுனா நீங்க ஒரு தடவ விழுந்தா அவ்வளவுதான். ஒரு உசுருதானே குடுத்திருக்காங்க? கொஞ்ச நேரம் விழாம மட்டும் இருங்க. இப்பத்தான் உக்காந்தேன்."

அப்போது புதர் விலகிக் காட்டுப்பன்றி வெளியே வந்தது. முன்னங்காலால் மணலைக் கிளறியது. தலையைத் தாழ்த்திக் கொம்பு மாதிரி வளைந்த பல்லை அவருக்கு நேராக வைத்தது.

அழகுமலை தென்னையை இரண்டு கையாலும் கட்டிக்கொண்டார். "தெய்வானை, பன்னி வருது."

"சாப்புட்டு முடிச்சுக்கிறேன். அதுவரைக்கும் அதுகூட ஏதாவது பேசிக்கிட்டு இருங்க."

"பன்னிகிட்ட என்னத்தப் பேச?"

பையிலிருந்து சோறு பிசைகிற சத்தம் மட்டும் வந்தது. அவள் உட்கார்ந்து சாப்பிட்டு அவர் கேட்டதில்லை. மெதுவாகத்தான் சாப்பிடுவாள் போலிருந்தது.

பன்றி இரண்டு எட்டு வைத்தது. அழகுமலை யோசித்துப் பார்த்தார். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து எத்தனையோ வீட்டுப் படி ஏறி இறங்கியவர். எதிராளியிடம் பேச்சைத் தொடங்க அவருக்கும் ஒரே ஒரு வாக்கியம்தான் தெரிந்திருந்தது. அதை விட்டால் மீட்டர் எங்கே இருக்கிறது என்று கேட்கலாம். பன்றியிடம் அதைக் கேட்க முடியாது.

மரத்தை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, காலை ஊன்றிக்கொண்டு, பன்றியின் முகத்தைப் பார்த்துக் கேட்டார்.

"சாப்பிட்டியா?"

பன்றி நின்றது. அதுவும் தனியாக ஆடுகிற பன்றிதான். இந்தத் தீவுக்கு வந்த நாளாக அதை யாரும் அப்படிக் கேட்டதில்லை என்று முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. அது பின்னங்காலை மடக்கி, பெருமூச்சு விட்டு, மணலில் உட்கார்ந்தது.

"இன்னும் இல்ல" என்றது. "நீங்க?"