இன்னும் இருபத்தேழு பக்கம்

முன்னறையில் பிரான்சிஸ்கா மாமி செபமாலையை மகளின் விரல்களில் இரண்டாம் தடவையாகச் சுற்றிக்கொண்டிருந்தார். உள்ளறையில் லோறன்ஸ் கட்டிலுக்கு அடியில் குனிந்து தேடிக்கொண்டிருந்தான். ஒற்றைச் செருப்பு. வெறும் மருந்துப் பெட்டி. சுடுதண்ணிப் போத்தலின் மூடி. புத்தகம் இல்லை.

"மாமி, தலையணைக்குக் கீழ ஒரு புத்தகம் கிடந்தது."

"எந்தப் புத்தகம்?"

"நூலகத்துப் புத்தகம். அன்ரோனெற்றுக்கு வாசிச்சது."

"எனக்குத் தெரியாது தம்பி."

பதில் சற்று விரைவாக வந்தது. அவர் தலையை நிமிர்த்தவில்லை.

நேரம் ஒன்றே முக்கால். நாலு மணிக்கு அடக்கம். மூன்றரைக்கு ஃபாதர் வீட்டுக்கு வருவார். அவன் மனைவி அன்ரோனெற் நேற்றுக் காலையில் இறந்தாள். அதற்கு முதல் நாள் பின்னேரம் அவன் அவளுக்கு இருநூற்றுப் பதினோராம் பக்கம் வரை வாசித்திருந்தான். புத்தகம் இருநூற்று முப்பத்தெட்டுப் பக்கம். மிச்சம் நாளைக்கு என்று அவள்தான் சொன்னாள்.

அவள் பேசாலை நூலகத்தில் உதவியாளராக இருந்தாள். அந்த நாவல் வைகாசியில் வந்தது. கேட்டவர்கள் பதினொரு பேர். தன் பெயரை அவள் அவர்களுக்குக் கீழே எழுதினாள்; அதற்குக் கீழும் பெயர்கள் சேர்ந்தன. வாசித்து முடித்தவர்கள் மேசையைச் சுற்றி நின்று சண்டை பிடிப்பார்கள். "முடிவை ஆராவது சொன்னீங்களெண்டால் கார்டை வெட்டிப்போடுவன்" என்று அவள் கத்தரிக்கோலைக் காட்டுவாள். அவளுடைய முறை வந்தபோது எழுத்துகள் கண்ணில் நிற்கவில்லை. கொழும்பு வைத்தியர்கள் இனி வீட்டில் வைத்துப் பாருங்கள் என்று சொல்லியிருந்தார்கள். ஆகவே லோறன்ஸ் வாசித்தான். ஒரு நாளுக்குப் பத்துப் பக்கம்.

அவன் கணித ஆசிரியன். "பஸ் நேரசூசி வாசிக்கிற மாதிரி வாசிக்கிறீங்கள்" என்பாள். "கதை எப்பிடி?" என்றும் கேட்பாள். "பரவாயில்லை" என்பான். வேறு அபிப்பிராயம் அவனிடம் இருக்கவில்லை.

அவன் வெளியே வந்தான். பந்தலின் கீழ் பெண்கள் பிளாஸ்ரிக் கதிரைகளை நெருக்கிப் போட்டுக்கொண்டு அந்த நாவலைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"ஆவியில எதிர்காலம் தெரியுமாம்," என்று தையற்கடை மதலேனா சொல்லிக்கொண்டிருந்தாள். "நான் இருவது வருசமா புட்டு அவிக்கிறன். மூடியைத் திறந்தால் கை சுட்டதைத் தவிர ஒண்டும் தெரியேல்ல."

"அது கற்பனை, மதலேனா," என்றார் எடித் ரீச்சர். ஓய்வு பெற்றும் குரல் வகுப்பறையிலேயே இருந்தது.

"கற்பனையெண்டாலும் புட்டு வேகோணும், ரீச்சர்."

"எனக்குப் பிடிச்சது," என்றாள் ஸுஹறா. நூலகத்தில் அன்ரோனெற்றோடு வேலை செய்தவள்; எருக்கலம்பிட்டியிலிருந்து இரண்டு பஸ் மாறி வந்திருந்தாள். "கடைசிப் பக்கத்துக்காகவே ரெண்டு தரம் வாசிச்சன். அந்தப் பிள்ளை..."

"உஸ்!" என்றாள் மதலேனா. கையால் வீட்டு வாசலைக் காட்டினாள். "அவள் இன்னும் முடிக்கேல்ல."

ஸுஹறா வாயைப் பொத்திக்கொண்டாள். மூவரும் சவப்பெட்டி இருந்த பக்கம் பார்த்தார்கள். அதன் பிறகுதான் லோறன்ஸ் நிற்பதைக் கண்டார்கள்.

"புத்தகத்தைக் கண்டனீங்களோ?" என்று கேட்டான்.

மதலேனா பையைத் திறந்து, பழைய சீத்தைத் துணியில் சுற்றியிருந்ததை வெளியே எடுத்தாள்.

"மாமியார் நேற்று என்னட்டத் தந்தவ. எரிச்சுப்போடச் சொன்னவ. நான் எரிப்பனே? நூலகப் புத்தகம்." அவனை ஏறிட்டுப் பார்த்தாள். "என்னத்துக்கு இப்ப?"

"இருபத்தேழு பக்கம் கிடக்குது."

புத்தகத்தைத் துணியிலிருந்து பிரித்து அவன் கையில் கொடுத்தாள்.

பெட்டியின் தலைமாட்டில் ஒரு கதிரை இருந்தது. செத்தவீட்டில் ஆண்டவரின் பாடுகளை வாசிக்கிறவருக்கு உரியது. காலையிலிருந்து வாசித்த வலன்ரைன் அண்ணன் சாப்பிடப் போயிருந்தார். லோறன்ஸ் அந்தக் கதிரையில் உட்காரப் போனான். பிரான்சிஸ்கா மாமி எழுந்து குறுக்கே நின்றார்.

"அது வேண்டாம் தம்பி."

"மிச்சத்தை வாசிச்சுப்போட்டு வைக்கிறன்."

"குறி சொல்லுற குடும்பத்துக் கதை. பிரேதத்துக்குப் பக்கத்தில வாசிக்கிறதே? அது வீட்டுக்குள்ள வந்த பிறகுதான் அவள் வருத்தம் வந்து படுத்தவள்."

"வருத்தம் தையில வந்தது. புத்தகம் வைகாசியில."

"கணக்குப் படிப்பியாதேங்கோ எனக்கு."

மாமி அவனுடைய சேட்டுக் கையைப் பிடித்துக் குசினிக்குள் இழுத்துப்போனார். கதவைச் சாத்தினார். அடுப்பு மூட்டப்படாத குசினி. மரண வீட்டுச் சமையல் அயல்வீட்டில் நடந்துகொண்டிருந்தது.

"மடுவுக்குப் போறன் எண்டு போனனே, போன மாசம்," என்றார். "மடு மண் கொண்டுவந்தனானோ?"

அவன் யோசித்தான். கொண்டுவரவில்லை. மடு மாதா கோவிலுக்குப் போய்வந்தால் மாமி ஒரு சரை மண் கொண்டுவந்து நோயாளியின் நெற்றியில் பூசுவார். அன்று வெறுங்கையோடு வந்திருந்தார். பஸ்ஸில் சனம் என்றார்.

"நான் மடுவுக்குப் போகேல்ல. பாலத்தைத் தாண்டி, அங்கால ஒருத்தன் இருக்கிறான். வெத்திலையில மை தடவிப் பார்த்தான். நாற்பது நாளில எழும்பி நடப்பாள் எண்டான்." சேட்டுக் கையை இன்னும் விடவில்லை. "இண்டைக்கு முப்பத்தெட்டு."

வெளியே யாரோ கதிரை நகர்த்தினார்கள்.

"மாதாவிட்டப் போறன் எண்டு சொல்லிப்போட்டு அங்க போனனான். ஃபாதருக்கு இன்னும் சொல்லேல்ல. நேற்று அவள் கண்ணை மூடின உடன எனக்குத் தெரிஞ்சது இது எதுக்குத் தண்டனையெண்டு."

லோறன்ஸுக்கு ஆறுதல் சொல்லத் தெரியாது. இரண்டு நாளாக ஊர் முழுவதும் அவனுக்குச் சொல்லிக்கொண்டிருந்தது. ஒன்றும் உள்ளே போகவில்லை. கையிலிருந்த புத்தகத்தைப் பார்த்தான்.

"இதில நாலு சகோதரியள், மாமி. சட்டி மூடியில படியிற ஆவியைப் பார்த்துச் சாத்திரம் சொல்லுவினம். மூத்தவள் ஒரு கலியாணத்துக்குப் பிழையாச் சொல்லிப்போடுறாள்."

"பிழையாவோ?"

"ஓம். படு பிழை. மாப்பிள்ளை வாறதெண்ட நாளில மாடுதான் வருது."

மாமி அவனைப் பார்த்தார். பகிடி விடுகிறானோ என்று பார்த்தார்.

"பிறகு அவளுக்கு என்ன நடந்தது?"

"ஆருக்கு?"

"பிழையாச் சொன்னவளுக்கு."

"ஒண்டும் நடக்கேல்ல. சட்டியைக் கழுவிக் கவிழ்த்துப்போட்டு அடுத்த நாள் சமைச்சவள்."

மாமி அடுப்பைப் பார்த்தபடி நின்றார்.

"அன்ரோனெற் அந்த இடத்தில சிரிச்சவள்," என்றான் லோறன்ஸ். "இருமல் வருமட்டும் சிரிச்சவள். அந்தப் பக்கத்தைத் திருப்பி வாசிக்கச் சொன்னவள்."

"சிரிச்சவளோ?"

"ஓம்."

அவர் முந்தானையால் முகத்தைத் துடைத்தார். பிடித்திருந்த சேட்டுக் கையை விட்டு, அதன் சுருக்கத்தை இரண்டு தரம் நீவிவிட்டார்.

"நேரம் என்ன?"

"இரண்டரை."

"அப்ப கெதியாப் போய் வாசியுங்கோ."

அவன் கதிரையில் உட்கார்ந்து இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தைத் திறந்தான். வாசிக்கிறவரின் கதிரையில் ஆள் இருப்பதைக் கண்டு பந்தலில் இருந்தவர்கள் எழுந்து நின்றார்கள். சிலர் சிலுவை அடையாளம் போட்டார்கள்.

"ஏழாம் வீட்டில் மட்டும் அன்றும் மழை பெய்தது," என்று லோறன்ஸ் வாசித்தான்.

சிலுவை போட்டவர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். எடித் ரீச்சர் விரலை உதட்டில் வைத்துவிட்டு உட்கார்ந்தார். மற்றவர்களும் உட்கார்ந்தார்கள்.

கதை இதுதான். ஒரு தெருவில் ஏழாம் வீட்டின் கூரையில் மட்டும் மழை பெய்யும். அந்த வீட்டில் யாராவது காதலை ஒளித்து வைத்திருந்தால் மழை கூடும். நாலு பெண்களில் இளையவள் வடிவு. குடை திருத்துகிற ஒருவன் அந்தத் தெருவுக்கு வருகிறான். அவனுக்காக அவள் மூடியைத் திறந்து பார்க்கிறாள். மூடி வெறுமையாக இருக்கிறது. ஒரு துளி இல்லை. சாகப் போகிறவனுக்குத்தான் மூடி வெறுமையாகும் என்கிறாள் மூத்தவள். தன் சொந்த எதிர்காலம் மட்டும் ஒருத்திக்குத் தெரியாது, அவன் உன்னுடையவனாக இருந்தாலும் மூடி வெறுமையாகும் என்கிறாள் இரண்டாமவள். அவன் ஆற்றைக் கடந்து போய்விடுகிறான். வடிவு அவன் பின்னால் போவதா, இருப்பதா என்பதுதான் மிச்சம் இருபத்தேழு பக்கம்.

அவன் நேரசூசி வாசிப்பது போலவே வாசித்தான். வேறு மாதிரி வாசிக்கத் தெரியாது. இருநூற்றுப் பதினெட்டாம் பக்கத்தில் வலன்ரைன் அண்ணன் திரும்பி வந்தார். தன் கதிரையில் ஆள் இருப்பதைப் பார்த்தார். கொஞ்சம் கேட்டார். நிலத்தில் உட்கார்ந்தார். சகோதரிகளின் தகப்பன் படகுக்காரனை ஏமாற்ற மீசை ஒட்டிக்கொண்டு வருகிற இடத்தில் பின்வரிசையில் ஒருவர் சிரித்துவிட்டு, செத்தவீடு என்று நினைவு வந்து இருமினார். லோறன்ஸ் நிறுத்தவில்லை. பக்கம் திருப்பும்போது மட்டும் அன்ரோனெற்றின் முகத்தைப் பார்த்தான். பிறகு அடுத்த வரி.

மாமி பெட்டியின் கால்மாட்டில் இருந்தார். செபமாலை சொல்வது போல உதடு அசைந்தது. பிறகு அசையவில்லை. கேட்டுக்கொண்டிருந்தார்.

மூன்றரைக்குக் கோவில் மணி விட்டுவிட்டு அடித்தது. ஃபாதர் உள்ளே வந்தார். சித்தப்பா தோமஸ்தான் அடக்கத்துக்குப் பொறுப்பு. அவர் மணிக்கூட்டைப் பார்த்தார், பெட்டியின் மூடியைப் பார்த்தார், லோறன்ஸைப் பார்த்தார்.

"தம்பி, போதும். ஃபாதர் வந்திட்டார்."

லோறன்ஸ் நிறுத்தினான். விரலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டான். எழ மனம் வரவில்லை. உட்கார்ந்திருக்கவும் நியாயம் இல்லை. ஃபாதர் செபப் புத்தகத்தைத் திறந்தார்.

"சுவாமி," என்றார் பிரான்சிஸ்கா மாமி. "கொஞ்சம் பொறுங்கோ. ஏழு பக்கம் கிடக்குது."

"என்ன வாசிக்கிறீங்கள் அம்மா?"

எடித் ரீச்சர் தொண்டையைச் செருமினார். "இலக்கியம், ஃபாதர்."

"இல்லை சுவாமி," என்றார் மாமி. "குறி சொல்லுறவையின்ர கதை. காதல் கதை. பிள்ளைக்கு முடிவு தெரியாது." மூச்சு எடுத்தார். "நாளைக்குக் காலமை நான் பாவசங்கீர்த்தனத்துக்கு வாறன். எனக்குச் சொல்ல வேற இருக்குது. இப்ப ஏழு பக்கம்."

ஃபாதர் இளைஞர். வந்து மூன்று மாதம்தான். அவர் அன்ரோனெற்றைப் பார்த்தார். பிறகு ஒரு கதிரையை இழுத்து உட்கார்ந்து செபப் புத்தகத்தை மூடி மடியில் வைத்தார்.

"வாசியுங்கோ சேர்," என்றார்.

அவன் வாசித்தான். வடிவு விடியற்காலையில் மூடியைத் திறக்காமல் சட்டியை இறக்கி வைத்தாள். வீட்டை விட்டு வந்தாள். படகில் ஏறினாள். மறுகரையில் பனி மூட்டம். ஒன்றும் தெரியவில்லை. அக்காமார் கூரையைப் பார்த்தார்கள். ஏழாம் வீடு முதல் முறையாகக் காய்ந்து கிடந்தது. நடு ஆற்றில், ஒரு படகின் மேலே மட்டும், சிறிய மழை பெய்துகொண்டு போனது. கடைசி வரியை லோறன்ஸ் ஒரு தரம் வாசித்தான். பிறகு குனிந்து, அவளுடைய காதுக்குப் பக்கத்தில், இன்னொரு தரம் வாசித்தான்.

"முடிஞ்சுது," என்றான்.

புத்தகத்தைப் பெட்டிக்குள் வைப்பானோ என்று தோமஸ் சித்தப்பா பார்த்தார். லோறன்ஸ் அதை ஸுஹறாவிடம் நீட்டினான். "அடுத்தது ஆரெண்டு பார்த்துக் குடுங்கோ." ஃபாதர் எழுந்தார். செபம் தொடங்கிற்று.

சேமக்காலைக்குப் போகும் பாதை மணல். பனைகளுக்கு நடுவே போகிறது. அன்று அந்தத் தெருவிலிருந்து ஒரு படகும் கடலுக்குப் போகவில்லை. படகுக்காரர்கள்தான் பெட்டியைத் தூக்கினார்கள். லோறன்ஸ் அதற்குப் பின்னால் நடந்தான். அவனுக்குப் பின்னால் மாமி, எடித் ரீச்சரின் கையைப் பிடித்துக்கொண்டு. பக்கத்தில் மதலேனா. ஸுஹறா சந்திவரை வந்து நின்றுகொண்டாள்.

முதலில் அழுகை கேட்டது. பிறகு செபம். செபத்துக்கு இடையில், தணிந்த குரலில் மதலேனா சொன்னது கேட்டது.

"அவன் மறுகரையில நிக்கேல்ல. நிண்டிருந்தால் எழுதியிருக்க மாட்டினமே?"

"எல்லாத்தையும் எழுதவேணுமெண்டு இல்லை," என்றார் எடித் ரீச்சர். "எண்டாலும் அது முடிவு இல்லை. எழுதினவருக்குக் களைப்பு வந்திட்டுது."

"நிண்டவன்," என்றார் பிரான்சிஸ்கா மாமி.

அழுது கரகரத்த குரல். ஆனால் உறுதியாக இருந்தது.

"எப்பிடிச் சொல்லுறியள் அக்கா?"

"குடை திருத்திறவன் இல்லாத கரைக்கு மழை ஏன் போகுது?"



"அதுவும் ஒரு கதைதான்," என்றாள் மதலேனா. "எண்டாலும் அவன் திருத்திக் குடுத்த குடையை அவள் வீட்டில விட்டிட்டெல்லோ போறாள்."

"இல்லை," என்றான் லோறன்ஸ்.

அவன் திரும்பவில்லை.

"இருநூற்று முப்பத்தாறாம் பக்கம். படகில ஏறேக்க கையில வைச்சிருக்கிறாள்."

"விரிச்சோ, மடிச்சோ?" என்று மதலேனா கேட்டாள்.

லோறன்ஸ் யோசித்தான். அவர்கள் தனக்குச் சமமாக வந்து சேரும்வரை நடையைத் தளர்த்தினான்.