சிவப்புத் துணியில் விதைநெல்

டிரங்குப் பெட்டியின் அடிவரை கைவிட்டுத் துழாவிவிட்டாள் சாவித்திரி. அம்மாவின் கூறைப்புடவை இருந்தது, நிலத்துப் பட்டா இருந்தது, பாச்சை உருண்டை வாசனை இருந்தது. கொடியைத்தான் காணோம். கூடத்தில் அப்பா வீரையன், கால் கட்டைவிரல்கள் சேர்த்துக் கட்டப்பட்டு, தாடையைச் சுற்றி வேட்டிக் கிழிசலோடு, பல்வலிக்காரர் போலப் படுத்திருந்தார்.

விடியும்போது போன உயிர். அப்போதிலிருந்து அவளுக்கு எல்லாமே தண்ணீருக்கு அடியில் நடப்பதாகத்தான் பட்டது. ஆட்கள் வந்தார்கள், வாயசைத்தார்கள், போனார்கள். வாசலில் அடிக்கும் தப்பு மேளம்கூட ஆற்றுக்கு அக்கரையிலிருந்து கேட்டது. புரட்டாசித் தூறல் பெய்வதும் நிற்பதுமாக இருந்தது.

பாபநாசத்தில் வாழ்க்கைப்பட்டவள் அவள். அப்பாவுக்கு முடியவில்லை என்று தெரிந்து, பத்து நாளைக்கு முன்னால்தான் கடலோரத்துக் கடைமடையான இந்த ஊருக்கு வந்தாள். வந்த அன்றே அவர் கேட்டது ஒன்றே ஒன்று.

"எம்மேல பழைய கொடியத்தான் போத்தணும், சாவித்திரி. பாதி வெள்ளைய எவனாச்சும் கொண்டாந்தா உள்ள வுடாத."

சரி என்று கையில் அடித்துச் சொல்லியிருந்தாள்.

சமதர்மக் கட்சியின் பழைய கொடி முழுச் சிவப்பு. முப்பது வருஷத்துக்கு முன்னால் பண்ணையார் குத்தகைக்காரர்களை விரட்ட அடியாள் இறக்கியபோது, வீரையனும் சிங்காரவேலுவும் அந்தக் கொடியை வயலில் நட்டுவிட்டுக் கதிரை அறுத்தார்கள். கொடி நட்ட வயலில் வேறொருவன் அரிவாள் இறங்கக் கூடாது என்பது அன்றைக்கு ஊர்ச் சட்டம். அடியாட்களுக்கு அந்தச் சட்டம் தெரியவில்லை. சிங்காரவேலுவின் தோளில் ஒரு வெட்டு, கொடியில் ஒரு கிழிசல். தோளை ஆஸ்பத்திரியில் தைத்தார்கள். கொடியை அம்மா கறுப்பு நூலால் தைத்தாள், வீட்டில் அந்த நூல்தான் இருந்தது. பின்னால் நில உச்சவரம்பில் வீரையனுக்கு மூன்று மா கிடைத்தது. ஒரு ஏக்கர்தான். அவர் அதைப் பற்றிப் பேசினால் ஒரு ராஜ்ஜியம் என்று தோன்றும்.

அதன்பிறகு கட்சி வளர்ந்தது. எந்தக் கழகம் ஆட்சிக்கு வந்தாலும் கூட்டணியில் இரண்டு சீட்டு வாங்கும் அளவுக்கு வளர்ந்தது. முதலாளியை ஒழிப்போம் என்றவர்கள், முதலாளியிடம் பேசி வாங்குவோம் என்றார்கள். பேசப்போன இடத்தில் காப்பி கொடுத்தார்கள், அப்புறம் பங்கு கொடுத்தார்கள். எல்லாத் தரப்புக்கும் இடம் வேண்டும் என்று மாநாடு கூட்டி, கொடியில் பாதியை வெள்ளையாக்கினார்கள். சிங்காரவேலு மாவட்டச் செயலாளர் ஆனார். இப்போது அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை, 'மாவட்டம்' என்றுதான் அழைக்கிறார்கள். கோடியக்கரைப் பக்கம் வயல்களில் உப்புத்தண்ணீர் விட்டு இறால் வளர்க்கும் கம்பெனியில் மாவட்டம் ஒரு பங்குதாரர். அந்தப் பண்ணையில் சூப்பர்வைசர் சாவித்திரியின் தம்பி பஞ்சநதம்.

அந்தத் தம்பிதான் இப்போது பெட்டியருகே வந்து நின்றான்.

"அக்கா, கெடைக்கலன்னா வுடேன். மாவட்டம் வந்துக்கிட்டிருக்காரு. அவரு கையால ஒரு கொடி வுழுந்தா போதும்."

"அப்பா உள்ள வுடாதன்னாரு."

"அப்பா என்னதான் சொல்லல? மூணு வருஷமா வயல்ல ஒரு மூட்ட முழுசா அறுத்தமா? காவேரித் தண்ணி இங்க வந்து சேர்றதுக்குள்ள ஐப்பசி முடிஞ்சுடுது. எம்மொவளுக்குப் பள்ளிக்கூடப் பணம் இந்த வயலா கட்டுது? எறால் கட்டுது."

அவன் சொன்னதில் பொய் கிடையாது, அதுதான் சங்கடம். அடுத்த வாரம் வயலை இறால் குளமாக வெட்ட மிஷின் வருகிறது. கம்பெனிக் காகிதத்தில் அப்பா கையெழுத்துப் போட மாட்டேன் என்றார். இனி ஊர் வழக்கப்படி ஆண்பிள்ளை அவன் போட்டாலே போதும். நாற்று விட்டுவிட்டால் தை அறுப்புவரை எவனும் வயலில் கைவைக்கக் கூடாது என்பது இன்றைக்கும் ஊர்க் கட்டு. அதனால்தான் அப்பா விதை நெல்லை நனைத்துக் கட்டி முளைவிட வைக்காமல் இருக்க, வீட்டுச் சாக்கு அத்தனையையும் பஞ்சநதம் பண்ணைக்குத் தூக்கிக்கொண்டு போயிருந்தான்.

முகம் கழுவக் கொல்லைக்குப் போனாள் சாவித்திரி. மாட்டுக்கொட்டகையைத் தாண்டும்போது ஒரு வாசனை அவளை நிறுத்தியது. புழுங்கலும் இனிப்புமாக, முளைக்கும் நெல்லின் வாசனை. மூலையில் வைக்கோலைக் குவித்து மேலே அம்மிக்கல்லை வைத்திருந்தது. கல்லைப் புரட்டி வைக்கோலை விலக்கினாள்.

சிவப்புத் துணியில் ஒரு பெரிய மூட்டை. நாலு முனையும் அப்பாவின் முடிச்சு. கை வைத்தாள். காய்ச்சல்காரப் பிள்ளையின் முதுகுபோலச் சுட்டது. தையலின் கறுப்பு நூல் ஈரத்தில் பளபளத்தது.

சாக்கு இல்லாத வீட்டில் அவ்வளவு பெரிய துணி அது ஒன்றுதான். முந்தாநாள் எழுந்து நடமாடினாரே, தெம்பு வந்துவிட்டது என்று அவள் சந்தோஷப்பட்டாளே, இதற்குத்தானா? தன்மேல் போர்த்தக் கேட்டதை மறந்துவிட்டாரா, நினைவோடுதான் செய்தாரா? கேட்பதற்கு ஆள் இல்லை என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. மூட்டைமேல் தலைவைத்து வாய்விட்டு அழுதாள்.

சத்தம் கேட்டு வந்த பூவம்மாள் அத்தை பதறினாள். "தொடாதடி! சாவுத் தீட்டோட வெதயத் தொட்டா மொளைக்காது."

"மொளைச்சிடுச்சு அத்தை. சாயங்காலத்துக்குள்ள வெதைக்கலன்னா அவிஞ்சுபோயிடும்."

"யாரு வெதைப்பா? தெருவே பங்காளிவுட்டு ஆளுவ. எல்லாருக்குந்தான் தீட்டு."

வாசலில் கார் வந்து நின்றது.

சிங்காரவேலு வெள்ளைவெளேரென்று இறங்கினார். இரண்டு கைகளிலும் மடித்த புதுக்கொடி. தப்பு நின்றது. அவர் கூடத்துப் படியில் கால்வைக்க, சாவித்திரி குறுக்கே வந்து நின்றாள். அவள் முழங்கைவரை வைக்கோல் ஒட்டியிருந்தது.

"மாமா, இது வேணாம். அப்பா பழசத்தான் கேட்டாரு."

"அதுக்கென்னம்மா, பழசே போத்துவோம். எங்க?"

"கொல்லைல. அதுலதான் வெத மொளகட்டியிருக்காரு. கொடி வேணும்னா வெதயக் கொட்டணும். கொட்டுனா வெதச்சாவணும். இந்தத் தெருவுல தீட்டு இல்லாம, வெதைக்கவும் தெரிஞ்ச ஆளு இப்ப நீங்க ஒருத்தருதான்."

பஞ்சநதம்தான் முந்திக்கொண்டான்.

"மாவட்டம், வெதச்சுட்டா தை வரைக்கும் மிஷின்..."

"தெரியும்டா."

சிங்காரவேலு உள்ளே எட்டிப் பார்த்தார். பெஞ்சில் கிடந்தவரையே வெகுநேரம் பார்த்தார். போன மாதம் இதே கூடத்தில் இருவரும் கத்திக்கொண்டது சாவித்திரிக்குத் தம்பி சொல்லித் தெரியும். முதலாளி இல்லாமல் வேலை ஏது, காலம் மாறிப்போச்சு வீரையா என்று இவர் கேட்டாராம். மொதலாளிகிட்டப் பேசுடா, வேணாங்கல, யாருக்காவப் பேசுற என்று அப்பா கேட்டாராம். அதற்குப் பதில் சொல்லாமல் இவர் காரில் ஏறினாராம்.

இப்போது அவர் புதுக்கொடியை டிரைவரிடம் கொடுத்தார். கைக்கடிகாரத்தைக் கழற்றினார், செருப்பை விட்டார், வேட்டியை மடித்துக் கட்டினார். கொல்லைக்குப் போய் மூட்டையைப் பார்த்ததும் அவர் விரல் நேராகக் கறுப்புத் தையலுக்குப் போனது. பிறகு தன் தோளைத் தடவிக்கொண்டார்.

"தூக்கி வுடுங்கடா" என்றார். டிரைவரும் கட்சிக்காரன் ஒருவனும் தலையில் ஏற்றிவிட்டார்கள்.

சாவித்திரி பின்னாலேயே நடந்தாள். வாய்க்கால் கரை, ஒற்றைப் பனை, நாற்றங்கால். படுக்கையில் விழுமுன்னே அப்பா சேறு அடித்துப் பரம்படித்து வைத்திருந்த துண்டில் வானம் கிடந்தது. சிங்காரவேலு அதற்குள் இறங்கினார். முதல் கைப்பிடி ஒரே இடத்தில் கொத்தாக விழுந்தது. இரண்டாவதும் அப்படித்தான். மூன்றாவதில் கைக்கு ஞாபகம் வந்துவிட்டது. விரல் விரிய விரிய நெல் தூறலோடு தூறலாக இறங்கியது. வெள்ளைச் சட்டையில் சேறு ஏறிக்கொண்டே வந்தது. கொஞ்சதூரத்தில் போய்க்கொண்டிருந்த முதுகு யாருடையது என்று ஒரு கணம் அவளுக்குக் குழம்பியது. அப்பா என்று கூப்பிடத் தோன்றியது. இந்த மனுஷரை வெறுத்துக்கொண்டே பத்து நாள் கழித்தவள், அவர் வழுக்கும்போது தன்னையறியாமல் கை நீட்டினாள்.

கரையேறியவர் மூச்சு வாங்கினார்.

"தை கழிஞ்சு காயிதத்தோட மறுபடி வருவேன், சாவித்திரி. வராம இருக்க முடியாது."

"வாங்க மாமா. அப்பப் பேசிக்கலாம். இப்பக் கொடியக் குடுங்க."

பிழிந்து கொடுத்தார். அவள் அதை உதறாமல் கொண்டுவந்தாள்.

பாடையில் வைத்து, ஈரத்தோடு கழுத்துவரை போர்த்தினார்கள். பஞ்சநதம் ஒரு முனையை இழுத்துச் சரிசெய்தான். நெஞ்சுப் பக்கம், கறுப்பு நூல் தையலருகே, ஐந்தாறு நெல் ஒட்டியிருந்தது. தட்டிவிடக் குனிந்த பூவம்மாள் அத்தை கையை இழுத்துக்கொண்டாள். வெள்ளையாய் வேர்கள், துணியின் இழைகளுக்குள் நுழைந்து உள்பக்கம் போயிருந்தன.

தப்பு மறுபடி தொடங்கியது. தூக்கினார்கள்.