சந்தேகம் சாரின் வலது கை

பஞ்சாலை வாசலில் கோஷம் போடத் தூக்கிய வலது கை, அவருடைய இருபத்தாறாவது வயதில், மேலேயே நின்றுவிட்டது. வேலைநிறுத்தம் மறுநாளே தோற்றது. கை மட்டும் சமாதானத்துக்கு வரவில்லை. நர்ஸாக இருந்த மனைவி ஒத்தடம் கொடுத்தார், ஊசி போட்டுப் பார்த்தார், கடைசியில் வாகாக இருக்கிறதென்று மாமியாரின் காய்ச்சலுக்குக் குளுக்கோஸ் பாட்டிலை அதில் தொங்கவிட்டார். சட்டைகளின் வலது தோளைப் பிரித்துத் தைத்தார்கள். கட்டிலின் தலைப்பலகையை அறுத்து எடுத்தார்கள். நிறுத்தமே இல்லாத இடத்தில்கூட அவருக்காகப் பேருந்துகள் நின்றன.

கட்சி முதலில் பெருமைப்பட்டு எல்லா மேடையிலும் அவரை ஓரமாக நிறுத்தியது. பிறகு அவர் கேள்வி கேட்கத் தொடங்கினார். "கையை இறக்கிட்டுப் பேசுங்க தோழர்" என்றார் செயலாளர். "முடிஞ்சா இறக்கியிருக்க மாட்டேனா?" என்றார் இவர். இது கட்டுப்பாட்டு மீறலாக எடுத்துக்கொள்ளப்பட்டது. வெளியே வந்தவர் இடது கையால் எழுதப் பழகி, தொழிலாளர் வரலாற்றில் முனைவர் பட்டம் வாங்கி, பல்கலைக்கழகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். கை தூக்கியபடியே பாடம் நடத்தியதால் மாணவர்கள் அவரைச் சந்தேகம் சார் என்றார்கள்.

அவருடைய ஏற்றம் அந்தக் கையால்தான் வந்தது. ஆசிரியர் பிரதிநிதியாக அவர் போன ஆட்சிக்குழுக் கூட்டங்களில் பதிவாளர் உயர்ந்த கைகளை மட்டும் ஆதரவு என்று எண்ணுவார். வந்தவர்களில் மீதிப்பேரை எதிர்ப்பு என்று எழுதிக்கொள்வார். வாய்ப்பேச்சு கணக்கில் சேராது. முதல் கூட்டத்தில், கட்டண உயர்வை எதிர்க்கிறேன் என்று இவர் சொன்னபோது, "சார், உங்க கை வேற மாதிரி சொல்லுதே" என்றார் பதிவாளர். எல்லோரும் சிரித்தார்கள், அவரும்தான். அதன்பின் கட்டணம் மறுபடி உயர்ந்தது, நூலகம் சீக்கிரம் மூடியது, விடுதிக்குப் பின்னாலிருந்த மரங்கள் போயின. எல்லாவற்றுக்கும் அவர் ஆதரவு. நம்ம ஆள் என்று நிர்வாகம் மெச்சியது. துறைத்தலைவர் ஆனார், டீன் ஆனார். எதிர்ப்பை மனைவியிடம் சொன்னால் போதும் என்று ஆகிவிட்டது அவருக்கு.

அப்போதுதான் துப்புரவுப் பெண்களை நீக்கிவிட்டு அந்த வேலையை ஒப்பந்தக்காரரிடம் கொடுக்கும் தீர்மானம் வந்தது. அந்தப் பெண்களின் மேஸ்திரியம்மா பழைய பஞ்சாலைக்காரர். ஆலை வாசலில் கை தூக்கிய அன்று இவருக்குப் பக்கத்தில் நின்றவர். துடைப்பத்தோடு டீன் அறைக்கு வந்தார்.

"அன்னைக்கு எங்களுக்காகத் தூக்கின கை, தோழரே. நாளைக்கு அதே கைதான் எங்களை வெளிய தள்ளப்போகுது. இதுக்கு அன்னைக்கே பாக்கெட்டுல வெச்சிருக்கலாம்."

தோழரே என்று அவரை யாரும் கூப்பிட்டு வெகுகாலம் ஆகியிருந்தது.

கூட்டத்துக்குப் போகாமலே இருந்துவிடலாமா என்று மனைவியிடம் கேட்டார். போகாவிட்டால் இரு பக்கமும் சமமாகும். சமமானால் துணைவேந்தர் வாக்களிப்பார். அது எந்தப் பக்கம் விழும் என்பது துடைப்பத்துக்கும் தெரியும்.

"கை இறங்கலைன்னா நீங்க இறங்குங்க" என்றார் மனைவி, அவருக்குச் சட்டைப் பொத்தானைப் போட்டுவிட்டபடி. "வீட்டுல படுத்தா அது பாட்டுக்குக் கட்டில்ல கிடக்குதில்ல? அங்க மட்டும் என்னவாம்?"

"ஆதரிப்பவர்கள்?" என்று பதிவாளர் கேட்டதும், டீன் நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளிவிட்டுத் தரையில் மல்லாந்து படுத்தார். கை தலைக்கு அப்பால் சிமெண்டுத் தரையில் நீளமாகக் கிடந்தது.

"என்னய்யா ஆச்சு அவருக்கு? டாக்டரைக் கூப்பிடுங்க" என்றார் துணைவேந்தர்.

"ஒண்ணுமில்லை சார், எண்ணுங்க" என்று மேசைக்குக் கீழிருந்து குரல் வந்தது.

பதிவாளர் விதிகளைப் புரட்டினார். உறுப்பினர் அறையில் இருக்க வேண்டும் என்றுதான் இருந்தது. உட்கார்ந்திருக்க வேண்டும் என்று எங்குமில்லை. ஆள் இருந்தார், கை உயரவில்லை. ஒரு வாக்கில் தீர்மானம் தோற்றது. டீனுக்கு எழுந்திருக்க மனமில்லை. மின்விசிறி சுற்றுவதைப் பார்த்துக்கொண்டு, தோளில் பாரமே இல்லாமல், சிரித்தபடி சற்று நேரம் அப்படியே கிடந்தார்.

அவர் எழுந்தபோது கையும் கூடவே எழுந்தது. ஓய்வுபெறும்வரை வேண்டாததற்குப் படுத்தார், வேண்டியதற்கு உட்கார்ந்திருந்தார், நிர்வாகமும் பழகிக்கொண்டது. கூட்ட நாள்களில் அவருடைய நாற்காலிக்குப் பின்னால் உள்ள தரையை மேஸ்திரியம்மா வேறு யாரிடமும் விடாமல் தானே இரண்டு தடவை துடைத்தார். "ஈரம் காயட்டும், மிதிச்சிடாதீங்க" என்று துணைவேந்தரையே வாசலில் காக்கவைத்தார்.