ஏணியிலிருந்து விழுந்தவரின் நினைவு நாள்

இருபது வருடங்களுக்கு முன்னால் ஒரு டிவி காமெடித் தொடரில் பெயின்டராக வந்து ஏணியிலிருந்து விழுந்தவர், இப்போது சலவைக் கடையில் சட்டைகளுக்கு இஸ்திரி போடுகிறார். அவர் விழும் காட்சியை யாரோ பாட்டோடு வெட்டி ஒட்டிவிட, இணையமே வயிறு குலுங்கச் சிரித்தது. பிறகு ஒரு கதை கிளம்பியது. அன்று முதுகெலும்பு முறிந்து, ஆள் அங்கேயே போய்ச் சேர்ந்துவிட்டாராம். ரசிகர்கள் நினைவு நாள் குறித்து, அவர் படத்துக்கு இறக்கை வரைந்தார்கள்.

மதியச் சாப்பாட்டு வேளையில் அவர், இணையத்தில் தன் பேரில் நடக்கும் ரசிகர் பக்கத்தில் தன் இப்போதைய படத்தைப் போட்டு, "நான் உயிரோடதான் இருக்கேன்" என்று எழுதினார்.

"செத்தவர் பேரச் சொல்லிப் பொழைக்கிறியே, வெக்கமா இல்ல?" என்று ஆளாளுக்குக் காறித் துப்பினார்கள். அடுத்த நிமிடமே பக்கத்திலிருந்து அவரை நீக்கிவிட்டார்கள்.

வீட்டுக்கு வந்ததும் மகனிடம் போனை நீட்டினார். "இந்தப் பக்கத்த யாருடா நடத்துறது? நீயாவது கொஞ்சம் சொல்லேன்."

மகன் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "நான்தாம்பா. நீங்க செத்தாத்தான் அது ஓடும். சும்மா இருங்க."

அப்பா போனைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். "விழுந்தப்ப எனக்கு வலிச்சுதுன்னாவது எழுதியிருக்கியா?"

"அத எழுதினா யாருப்பா சிரிப்பாங்க?" என்றான் மகன்.