தண்ணீர் இடைவேளை

நடுவர் கையைக் காட்டினார். மட்டை பிடித்தவர்கள் தலைக்கவசத்தைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொண்டார்கள். எல்லைக் கோட்டுக்கு அந்தப் பக்கம், பச்சைச் சட்டை போட்ட இரண்டு மூன்று பேர் குனிந்து எதையோ தூக்குவது தெரிந்தது. தையல் மெஷினின் மிதியிலிருந்து காலை எடுத்துவிட்டு அவள் கடை டிவியை நோக்கிக் கழுத்தை நீட்டினாள். அதற்குள் சிமெண்ட் விளம்பரம் வந்துவிட்டது. ஒரு குடும்பம் புது வீட்டு மொட்டை மாடியில் நின்று ஊருக்கே கையசைத்தது. "நல்லா இருங்க" என்று அந்தக் குடும்பத்திடம் சொல்லிவிட்டு, அவள் யாருடைய கால்சட்டைக்கோ மறுபடி மடிப்பு அடிக்க ஆரம்பித்தாள்.

தெருவில் அவளை ஆல்ட்ரேஷன் அக்கா என்பார்கள். புதுத் துணி தைப்பதில்லை. தைத்ததைப் பிரிப்பது, பிடிப்பது, நீளத்தைக் குறைப்பது, இவ்வளவுதான் தொழில். யார் இளைத்தார்கள், யார் ஊதிப்போனார்கள், யார் அண்ணனின் சட்டையைத் தம்பிக்குத் தள்ளிவிடுகிறார்கள் என்பதெல்லாம் அவள் அளவு நாடாவுக்குத் தெரியும். கணவர் போன பிறகு கடையில் ஒருத்தி, வீட்டில் அதே ஒருத்தி. இடையில் மகன் ஒருவன் இருந்தான். அவனையும் கிரிக்கெட் கொண்டுபோய்விட்டது.

கொண்டுபோனது சாதாரணமாக அல்ல. நாட்டுக்கே ஆடுகிறான். ஆடுகிறான் என்றால் ஆடவில்லை. அணியோடு வெளிநாட்டுச் சுற்றுப்பயணம் போயிருக்கும் இரண்டாவது விக்கெட் கீப்பர் அவன். முதல் கீப்பருக்கு ஒரு தும்மல்கூட வராதவரை, அவன் வேலை தண்ணீர் சுமப்பது. பக்கத்துக் கடையில் செல்போன் ரிப்பேர் செய்பவர் இதை அவளுக்கு விளக்கும்போது முகத்தை ரொம்பப் பக்குவமாக வைத்துக்கொண்டுதான் விளக்கினார். ஆனால் மறுநாளே, "என்னக்கா, இன்னிக்கும் தண்ணி வண்டிதானா?" என்று கேட்டுவிட்டார். அவள் சிரித்தாள். வீட்டுக்குப் போய்த்தான் அது குத்தியது.

கிளம்புமுன் மகன் ஓர் ஏற்பாடு சொல்லியிருந்தான். "தண்ணி எடுத்துட்டு உள்ள போறப்ப இடது கையால தொப்பியத் தூக்கி வைப்பேன்மா. எல்லாரும் நெத்தியத் துடைக்கிறேன்னு நெனப்பாங்க. அது உனக்கு."

முதல் நாளே அவளுக்கு விஷயம் புரிந்துவிட்டது. தண்ணீர் உள்ளே போகிற நேரம்தான் விளம்பர நேரம். உலகத்தில் எல்லாரையும் காட்டுகிற டிவி, அவள் மகன் மைதானத்தில் கால் வைக்கும்போது மட்டும் சிமெண்டைக் காட்டும். மைதானத்துக்குள் இருப்பவனுக்கு இது எப்படித் தெரியும்? அன்று மாலை போனில், "பாத்தியாம்மா?" என்று கேட்டான். குரலில் அவ்வளவு ஆசை. அவள் வாய் தானாகவே, "பாத்தேன்டா" என்றது.

பிறகு பின்வாங்க முடியவில்லை. சொன்ன பொய்க்கு முட்டுக்கொடுக்க, "இன்னிக்கு வெயில்ல வாடித் தெரிஞ்சே", "இன்னிக்கு நல்லா உசரத் தூக்கின" என்று தினமும் கொஞ்சம் கைவேலை சேர்த்தாள். உண்மையாகவே பார்த்துவிட மாட்டோமா என்று ஆட்டம் முழுக்க டிவியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. மட்டை பிடிப்பவன் வியர்த்துப்போய் நடுவில் கையுறை மாற்றக் கேட்டால், வெளியிலிருந்து ஒருவன் ஓடி வருவான். அப்போது விளம்பரம் கிடையாது. அதனால் அவள் கிரிக்கெட்டில் கவனித்தது ஓட்டங்களையும் விக்கெட்டுகளையும் அல்ல, வியர்வையை. ஒருமுறை திரையின் ஓரத்தில் பாதி முழங்கை வந்துபோனது. அது அவனுடையதாகத்தான் இருக்க வேண்டும் என்று முடிவு செய்து, அன்று வயிறாரச் சாப்பிட்டாள்.

இன்னொன்றையும் அவள் செய்தாள். முதல் கீப்பருக்கு ஏதாவது ஆக வேண்டும் என்று வேண்டிக்கொண்டாள். பெரிதாக வேண்டாம், அவனும் ஒருத்தி பெற்ற பிள்ளை. சும்மா ஒரு சுளுக்கு, அதுவும் நாலு நாளில் சரியாகிவிட வேண்டும்.

கடைசி டெஸ்டில் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு அது நடந்தது. தாழ்வாக வந்த பந்துக்குப் பாய்ந்த கீப்பர் தோளைப் பிடித்துக்கொண்டு புரண்டான். இரண்டு பேர் தாங்கிப் பிடித்து வெளியே கூட்டிப்போனார்கள். செல்போன்காரர் தன் கடையிலிருந்து எழுந்தே வந்துவிட்டார். "அக்கா, இப்ப உங்க பையன்தான். ரூல் இருக்கு, வெளிய இருக்கிற கீப்பர் உள்ள வரலாம்."

அவள் எழுந்து நின்றாள். கையில் இருந்த கத்தரிக்கோலை எங்கே வைப்பதென்று தெரியாமல் பிடித்துக்கொண்டே நின்றாள். திரையில் ஒருவன் கீப்பர் கையுறைகளை மாட்டிக்கொண்டிருந்தான். நெட்டையன். அதுவரை ஸ்லிப்பில் நின்றவன். கீப்பர் வேலைக்கும் அவனுக்கும் சம்பந்தமில்லை என்பது அவன் குனிந்த விதத்திலேயே தெரிந்தது.

"இவன எதுக்கு நிக்க வைக்கிறாங்க? உங்க பையன் எங்கக்கா?" என்றார் செல்போன்காரர். அவள் முகத்தைப் பார்த்ததும், கடையில் யாரோ வந்த மாதிரி இருக்கிறதென்று சொல்லி நழுவினார். கடையில் யாரும் வந்திருக்கவில்லை.

அப்போதுதான் அவள் போன் அடித்தது. மகன். ஆட்டம் நடக்கும்போது வீரர்களின் போனை வாங்கிப் பூட்டி வைத்துவிடுவார்கள் என்று அவனேதான் சொல்லியிருந்தான்.

"எங்கடா இருக்க?"

"ரூம்லம்மா."

"ஏன், உடம்பு சரியில்லையா?"

"விரல். வலது கை. பிராக்டிஸ்ல பந்து பட்டு உடஞ்சிருச்சு. போன வாரமே."

போன வாரம். அவள் மெதுவாக உட்கார்ந்தாள். நேற்றுகூட, கொஞ்சம் சதை போட்ட மாதிரி இருக்கிறாய் என்று சொல்லியிருந்தாள். அவனும், ஆமாம்மா என்றிருந்தான்.

"ஏன்டா எங்கிட்ட சொல்லல?"

"திருப்பி அனுப்பிருவாங்களோன்னு பயம். சொன்னா உண்மையாயிரும்னு இருந்துது." கொஞ்சம் நிறுத்தினான். "இங்க படுத்துக்கிட்டு டிவில பாத்தப்பதான்மா தெரிஞ்சுது. தண்ணி நேரத்துல விளம்பரம் போடறாங்க."

அவளுக்குக் காது சூடானது. "தெரிஞ்சுமா தினம் கேட்ட?"

"நீ பாத்தேன்னு சொன்னா நல்லா இருந்துது."

டிவியில் நெட்டையன் ஒரு பந்தைக் கோட்டைவிட்டான். அது எல்லைக்கு ஓடியது. போனிலும் அதே கூட்டத்தின் இரைச்சல் ஒரு நொடி முந்திக் கேட்டது. அவனும் அதைத்தான் பார்க்கிறான்.

"அம்மா, இன்னிக்கு நான்தான் உள்ள போயிருக்கணும்" என்றான். பள்ளிக்கூடத்தில் அடி வாங்கி வந்து சொல்லும் அதே குரல். அவளுக்கு அழுகை வந்தது. கேட்டது கிடைத்திருக்கிறது, ஆனால் வேண்டுதல் அதற்கு முன்பே விலாசம் மாறி மகனிடமும் போய்ச் சேர்ந்திருக்கிறது. அதை அவனிடம் சொல்லவில்லை. ஆறுதலாக ஏதாவது சொல்லலாமென்று தேடினாள். அகப்பட்டதெல்லாம் அளவு சரியில்லாத துணி போலிருந்தது.

"வெச்சுராதடா. அப்படியே இரு."

"இருக்கேன்."

போனைத் தையல் மெஷின்மேல் சாய்த்து வைத்துவிட்டு அவள் டிவியைப் பார்த்தாள். அவன் அங்கே பார்த்தான். அவ்வப்போது அவன் கட்டிலில் புரளும் சத்தம் மட்டும் வந்தது. அறையில் அவனோடு வேறு யாரும் இல்லை என்பது அந்தச் சத்தத்திலேயே தெரிந்தது.

நடுவர் கையைக் காட்டினார். தலைக்கவசங்கள் கழன்றன. ஓரத்தில் பச்சைச் சட்டைகள் குனிந்தன.

"வந்துருச்சு" என்றான். "இங்க பற்பசை. உனக்கு?"

"சிமெண்ட்."

அவன் சிரித்த மாதிரி இருந்தது.

"அம்மா. இடது கை நல்லாத்தான் இருக்கு."

"ம்."

"இப்பத் தூக்கறேன்."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கழுத்தை நீட்டி, திரையை உற்றுப் பார்த்தாள். புது வீட்டு மொட்டை மாடியில் அந்தக் குடும்பம் கையசைத்துக்கொண்டிருந்தது.

"பாத்தேன்டா" என்றாள்.